புதுப்பிக்கப் போவது யார்?
நவீன ஜப்பானியக் கட்டடக்கலை பற்றி ஓர் உரை

(தொலைக்காட்சிக் கருத்தரங்கு நிகழ்ச்சியில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



“மரபையும் புதுமையையும் ஜப்பானியர்கள் தங்கள் கட்டடங்களில் எப்படி அழகாகக் கலக்கிறார்கள் என்று பேசுங்கள்” என்று நெறியாளர் தொலைபேசியில் கேட்டுக்கொண்டார். சரி என்று சொல்லிவிட்டேன். உட்கார்ந்து குறிப்பெடுக்கத் தொடங்கிய பிறகுதான் ‘அழகாக’ என்ற சொல் என்னை உறுத்தியது. அந்தக் கலவை தோற்றுப்போன இடங்களும் ஜப்பானில் உண்டு. அவற்றை ஒளித்துவிட்டு வென்றதை மட்டும் சொன்னால் சுற்றுலாக் கையேடு போல ஆகிவிடும். அதனால் இரண்டையும் சொல்கிறேன்.

முதலில் ஒன்று. ஜப்பானியக் கட்டடக்கலையைப் பார்க்க விமானம் ஏறத் தேவையில்லை. ராஃபிள்ஸ் பிளேஸ் நிலையத்திலிருந்து வெளியே வந்து அண்ணாந்து பார்த்தால் போதும். ஒன் ராஃபிள்ஸ் பிளேஸ், யுஓபி பிளாசா இரண்டும் கென்சோ தாங்கே வரைந்தவை. ரிபப்ளிக் பிளாசா கிஷோ குரோகாவா வரைந்தது. மூன்றும் ஏறக்குறைய ஒரே உயரம், 280 மீட்டர். 2016ஆம் ஆண்டில் தஞ்சோங் பகாரில் அதைவிட உயரமான கட்டடம் எழும்வரை, சிங்கப்பூரின் ஆக உயரமான மூன்று கட்டடங்களும் ஜப்பானியர் கைவண்ணம்தான். காலாங் உள்ளரங்கமும் தாங்கே. விவோசிட்டி தோயோ இத்தோ. கடலைத் தாண்டிப் போனால் சிப்பாங்கில் கோலாலம்பூர் அனைத்துலக விமான நிலையம் குரோகாவா. தெரிந்தோ தெரியாமலோ நாம் இவர்களோடு பழகிக்கொண்டுதான் இருக்கிறோம்.

ஆனால் இந்தக் கட்டடங்களில் ‘ஜப்பான்’ எங்கே இருக்கிறது? வளைந்த ஓட்டுக் கூரை இல்லை. காகிதக் கதவு இல்லை. அப்படியானால் மரபு எங்கே?

தலையில் வைத்த கூரை

இந்தக் கேள்வி ஜப்பானியர்களுக்கே பெரிய சண்டையாக இருந்தது. 1931ஆம் ஆண்டில் தோக்கியோவின் உவெனோ பகுதியில் அரும்பொருளகம் கட்ட ஒரு வடிவமைப்புப் போட்டி நடந்தது. கட்டடம் கான்கிரீட்டாக இருக்கலாம், ஆனால் பார்வைக்குக் கீழைநாட்டுத் தோற்றம் வேண்டும் என்பது நிபந்தனை. பாரிசில் லெ கொர்புசியேயிடம் வேலை பார்த்துத் திரும்பியிருந்த குனியோ மயெகாவா என்ற இளைஞர், நிபந்தனை தெரிந்தே கூரையில்லாத தட்டையான நவீனக் கட்டடத்தை வரைந்து அனுப்பினார். தோற்றார். வென்ற வடிவம் இன்றும் அங்கே இருக்கிறது. கீழே மேல்நாட்டு முறையில் கட்டிய கனத்த கட்டடம், மேலே ஜப்பானிய ஓட்டுக் கூரை. வேட்டிக்கு மேல் ‘டை’ கட்டியதுபோல என்று நான் சொல்வேன். பிடித்தவர்களும் இருக்கிறார்கள், அவர்களோடு எனக்கு வழக்கில்லை.

அந்த மயெகாவாவின் அலுவலகத்தில் வேலைக்குச் சேர்ந்தவர்தான் தாங்கே. 1913இல் பிறந்தவர். அவரைப் பற்றிப் பேசும்போது பலர் தாண்டிச் செல்லும் ஒரு செய்தி உண்டு. நம் வட்டாரத்து நேயர்களுக்கு அதைச் சொல்லாமல் போவது சரியல்ல. 1942ஆம் ஆண்டில் ‘மகா கிழக்காசியா’ நினைவகம் ஒன்றுக்குப் போட்டி வைத்தார்கள். அந்த ஆண்டு சிங்கப்பூரிலும் மலாயாவிலும் என்ன நடந்தது என்பதை நான் சொல்ல வேண்டியதில்லை, பாட்டி தாத்தாவிடம் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். அந்தப் போட்டியில் முதல் பரிசு தாங்கேக்கு. ஃபுஜி மலையடிவாரத்தில், இசே என்ற பழைமையான ஷின்டோ ஆலயத்தின் சாயலில் ஒரு மண்டபம். அது கட்டப்படவில்லை. ஆனால் மரபு என்பது எப்போதும் குற்றமில்லாத பொருள் அல்ல என்பதற்கு அந்த வரைபடம் சாட்சி. போர்க்கொடிக்குக் கீழேயும் அது போய் நிற்கும்.

அதே மனிதர்தான் 1949இல் ஹிரோஷிமா அமைதிப் பூங்காவுக்கான போட்டியிலும் வென்றார். இப்போது கூரை காணாமல் போய்விட்டது. 1955இல் திறந்த அரும்பொருளகம், தூண்களின்மேல் தரையிலிருந்து உயர்ந்து நிற்கும் நீளமான கான்கிரீட் பெட்டி. அதன் அடியில் நின்று வடக்கே பார்த்தால் நினைவுச் சின்னத்தின் வளைவும், அந்த வளைவுக்குள் அணுகுண்டில் எலும்பாக நின்றுபோன குவிமாடமும் ஒரே கோட்டில் தெரியும். தூண்கள்மேல் உயர்த்திய தளம் பழைய ஜப்பானியக் களஞ்சியங்களிலும் இசேயிலும் இருக்கிறது. அதை லெ கொர்புசியேயின் தூண்களோடு சேர்த்துவிட்டார். போரில் அவமானப்பட்ட மரபை வெளியே காட்ட அவருக்குக் கூச்சம் இருந்திருக்கலாம், அதனால் எலும்புக்குள் ஒளித்தார் என்று எனக்குத் தோன்றும். இது என் ஊகம்தான்.

1958இல் அவர் கட்டிய ககாவா மாநில அரசு அலுவலகத்தில் இது இன்னும் தெளிவு. ஒவ்வொரு மாடத்தின் அடியிலும் வரிசை வரிசையாகக் கான்கிரீட் விட்டங்கள் முகப்பில் நீட்டிக்கொண்டிருக்கும். மரவீட்டின் கைமரங்கள் வெளியே தெரிவதுபோல. கான்கிரீட்டுக்கு அப்படிச் செய்யத் தேவையே இல்லை. ஆனாலும் அந்த மெல்லிய விட்டங்களின் தாளம் கண்ணுக்கு மரத்தச்சனைக் காட்டுகிறது.

இன்னொரு வழி, தோற்றத்தை விட்டுவிட்டு வேலை செய்யும் முறையை எடுத்துக்கொள்வது. 2012இல் திறந்த தோக்கியோ ஸ்கைட்ரீ 634 மீட்டர் உயரம். பார்த்தால் முழுக்க எஃகுக் கம்பிக் கூடு. நடுவில் மட்டும் 375 மீட்டர் உயரத்துக்கு ஒரு கான்கிரீட் தண்டு இருக்கிறது, உள்ளே அவசரப் படிக்கட்டு. இந்தத் தண்டின் கீழ்ப்பகுதி வெளிக்கூட்டோடு இறுக்கமாக இணைந்திருக்கும். மேல்பகுதி இணையவில்லை. இரண்டுக்கும் நடுவே எண்ணெய் நிரப்பிய அதிர்வுத்தணிப்பான்கள். நிலம் நடுங்கும்போது கூடு ஒரு பக்கம் ஆட, தண்டு வேறு கதியில் ஆட, ஒன்றின் ஆட்டத்தை மற்றொன்று குறைக்கும். இதற்குக் கொடுத்த பெயர் ‘ஷின்பஷிரா’. ஹோரியூஜி போன்ற பழைய ஐந்தடுக்குக் கோபுரங்களின் நடுத்தூணுக்கு உரிய பெயர். அந்தப் பழைய தூண் நிலநடுக்கத்தில் எந்த அளவுக்கு உதவியது என்பதில் பொறியாளர்களுக்குள் கருத்து வேறுபாடு இருக்கிறது. இருந்தாலும், 1,300 ஆண்டு மரக்கோபுரத்தைப் பார்த்து இப்படி ஒரு யோசனை பிறந்ததே, அதுவே பெரிய காரியம்.

இசேயும் நகாகினும்

இனி நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன்.

இசே ஆலயத்தை 20 ஆண்டுக்கு ஒருமுறை புதிதாகக் கட்டுகிறார்கள். பக்கத்துப் பக்கத்தில் ஒரே அளவில் இரண்டு மனைகள். ஒன்றில் ஆலயம் இருக்கும், மற்றது வெறும் கூழாங்கல் பரப்பு. 20 ஆண்டு ஆனதும் காலி மனையில் அதே அளவில், அதே முறையில் புதிய ஆலயம் எழும். பழையதைப் பிரித்துவிடுவார்கள். இங்கே பலருக்குக் குடமுழுக்கு நினைவுக்கு வரும். குடமுழுக்கில் பழைய கட்டடம் நிற்கும், புனிதம் புதுப்பிக்கப்படும். இசேயில் கட்டடமே போய்விடுகிறது.

முதல் முறை 690ஆம் ஆண்டு. கடைசியாக 2013இல் நடந்தது 62ஆவது முறை. ‘1,300 ஆண்டாகத் தடையின்றி’ என்று பலர் எழுதுவார்கள், அது உண்மையல்ல. 15ஆம், 16ஆம் நூற்றாண்டுகளில் உள்நாட்டுப் போரால் 120 ஆண்டுக்கு மேல் நின்றுபோனது. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு 1949இல் நடக்க வேண்டியது 1953க்குத் தள்ளிப்போனது. நின்றாலும் மறுபடி தொடங்கினார்கள் என்பதுதான் எனக்கு வியப்பு.

நான் ஒருமுறை அங்கே போயிருக்கிறேன். பெரிய ஏமாற்றம்! வேலிக்கு மேல் கூரையின் நுனி மட்டும் தெரியும். உள்ளே போக முடியாது, வாயிலைத் தாண்டிப் படமும் எடுக்கக்கூடாது. இதற்கா இவ்வளவு தூரம் வந்தோம் என்று நின்றேன். ஆனால் வெளியே வரும் வழியில் உஜி பாலத்தின் இரு முனையிலும் நிற்கும் மரத் தோரண வாயில்களைக் காட்டி, இவை பழைய ஆலயத்தின் முகட்டைத் தாங்கிய தூண்கள் என்றார்கள். 20 ஆண்டு ஆலயத்தில் நின்ற மரம் அடுத்த 20 ஆண்டு பாலத்தில் நிற்கிறது. அதன் பிறகும் வேறு ஊர்களுக்குப் போய் வாயிலாக நிற்கும். அப்போதுதான் எனக்குப் புரிந்தது, அங்கே பார்க்க வேண்டியது கட்டடம் அல்ல, அதைச் சுற்றி இருக்கும் ஏற்பாடு.

என்ன ஏற்பாடு? 10,000க்கும் மேற்பட்ட ஹினோகி மரங்கள் வேண்டும். அதற்காக 1920களிலேயே ஆலயத்தின் சொந்தக் காட்டில் 200 ஆண்டுத் திட்டம் போட்டு மரம் நடத் தொடங்கினார்கள். நட்டவர் யாரும் அந்தப் பெருமரங்களைத் தூணாகப் பார்க்கப் போவதில்லை. கட்டடத்தோடு 1,500க்கும் மேற்பட்ட பட்டு, வாள், அணிகலன் முதலிய பொருள்களையும் புதிதாகச் செய்கிறார்கள். 2013ஆம் ஆண்டுப் பணிக்கு 50 பில்லியன் யென்னுக்கு மேல் செலவு. போருக்குப் பிறகு அரசுப் பணம் கிடையாது, நன்கொடையும் ஆலயத்தின் சேமிப்பும்தான். தச்சர் ஒருவர் இளைஞனாக ஒருமுறை கைவேலை செய்வார், நடுவயதில் ஒருமுறை பொறுப்பேற்பார், முதியவராக ஒருமுறை மேற்பார்வையிடுவார். 20 ஆண்டு என்ற கணக்குக்குச் சொல்லப்படும் காரணங்களில் இதுவும் ஒன்று.

இந்த இசேயைப் பற்றித் தாங்கேயும் நொபொரு கவாசோயே என்ற விமர்சகரும் சேர்ந்து 1962இல் ஒரு புத்தகம் வெளியிட்டார்கள். அதற்கு இரண்டு ஆண்டு முன்பு, 1960இல், அதே கவாசோயே சில இளம் கட்டடக் கலைஞர்களோடு சேர்ந்து ஓர் இயக்கம் தொடங்கினார். குரோகாவா, கிகுதாகே, மாக்கி, ஒதாக்கா ஆகியோர் அதில் இருந்தவர்கள். இயக்கத்தின் பெயர் ‘மெட்டபாலிசம்’, அதாவது வளர்சிதை மாற்றம். உடம்பில் பழைய அணுக்கள் போய்ப் புதியவை வருவதுபோல நகரமும் கட்டடமும் பாகம் பாகமாக மாறிக்கொண்டே இருக்க வேண்டும் என்றார்கள். இசேயின் தத்துவத்தை எஃகிலும் கான்கிரீட்டிலும் செய்து காட்டும் ஆசை.

அதன் பெரிய சான்று 1972இல் தோக்கியோவின் கின்சா பக்கத்தில் எழுந்த நகாகின் கேப்சூல் டவர். குரோகாவா வரைந்தபோது அவருக்கு நாற்பது வயதுகூட ஆகவில்லை. இரண்டு கான்கிரீட் தண்டுகள், அவற்றைச் சுற்றி 140 கேப்சூல்கள். ஒவ்வொன்றும் சுமார் 4 மீட்டர் நீளம், 2.5 மீட்டர் அகலம். உள்ளே கட்டில், குளியலறை, தொலைபேசி, தொலைக்காட்சி, ஒரு பெரிய வட்டச் சன்னல். தொழிற்சாலையில் செய்து, லாரியில் கொண்டுவந்து, நான்கு போல்ட்டுகளில் மாட்டினார்கள். துணி துவைக்கும் இயந்திரத்தை முன்பக்கமாக அடுக்கியதுபோல இருக்கும். கணக்கு இதுதான்: தண்டு நிற்கும், கேப்சூல்களை 25 ஆண்டுக்கு ஒருமுறை கழற்றிப் புதியது மாட்ட வேண்டும். அதன்படி 1997இல் மாற்றியிருக்க வேண்டும்.

ஒன்றுகூட மாற்றப்படவில்லை.

ஏன்? ஒன்றைக் கழற்ற அதற்கு மேலே உள்ளவற்றையும் கழற்ற வேண்டியிருந்தது. ஆனால் அதுமட்டும் காரணமல்ல. ஒவ்வொரு கேப்சூலும் தனித்தனி ஆளுக்குச் சொந்தம். எல்லாரும் ஒரே நேரத்தில் பணம் போட்டால்தான் வேலை நடக்கும். தண்ணீர் ஒழுகியது. குழாய்கள் போயின. கல்நார் பிரச்சினை. 2010 வாக்கில் சுடுநீரும் நின்றது. ‘பழைய பெட்டிகளைக் கழற்றிப் புதியதை மாட்டுங்கள்’ என்று குரோகாவா கடைசிவரை மன்றாடினார். 2007இல் உரிமையாளர்கள் இடிக்க வாக்களித்தார்கள். அந்த ஆண்டே அவரும் மறைந்தார். இடிக்க எடுத்த நிறுவனம் நொடித்துப்போனதால் இன்னும் 15 ஆண்டு நின்றது. 2022இல் பிரித்தார்கள். 23 கேப்சூல்களைக் காப்பாற்றி அரும்பொருளகங்களுக்கும் மற்ற இடங்களுக்கும் அனுப்பினார்கள். ஒன்று நியூயார்க் வரை போனது. கேப்சூல்கள் கழன்றன என்பது உண்மைதான், மறுபடி மாட்டத்தான் தண்டு இல்லை.

நகாகின் திறந்த மறு ஆண்டு, 1973இல், இசேயில் 60ஆவது புதுப்பிப்பு. 1993இல் 61. 2013இல் 62. ஓலையும் மரமுமாக, மண்ணில் நேரே நட்ட தூணோடு நிற்கும் ஆலயம் மூன்று முறை புதிதாகிவிட்டது. மாற்றுவதற்காகவே பொறியியல் கணக்குப்போட்டுக் கட்டிய கோபுரத்துக்கு ஒருமுறைகூட வாய்க்கவில்லை. குரோகாவா இசேயிலிருந்து எடுத்தது யோசனையை. காட்டையும் தச்சரையும் உண்டியலையும் எடுக்கவில்லை, எடுக்கவும் முடியாது. எந்தக் கட்டடக் கலைஞரும் போல்ட்டை வரையலாம், 140 வீட்டுக்காரர்களின் மனத்தை வரைய முடியுமா?

நமக்கு அருகில்

இது எங்கோ நடந்த கதை அல்ல. மெட்டபாலிச இயக்கத்தின் மாக்கி சிங்கப்பூர் வந்து, கட்டப்பட்டுக்கொண்டிருந்த பீப்பள்ஸ் பார்க் காம்ப்ளெக்ஸைப் பார்த்துவிட்டு, நாங்கள் பேசியதை நீங்கள் கட்டுகிறீர்களே என்று வியந்ததாகச் சொல்வார்கள். அதே கட்டடக் கலைஞர் குழு வரைந்ததுதான் 1973இல் முடிந்த பீச் ரோடு கோல்டன் மைல் காம்ப்ளெக்ஸ். நகாகினுக்கு ஒரு வயது தம்பி. அங்கேயும் நூற்றுக்கணக்கான உரிமையாளர்கள், அதே ஒழுகல், அதே வாக்குவாதம். ஆனால் முடிவு வேறு. 2021இல் அரசு அதைப் பாதுகாக்கப்பட்ட கட்டடமாக அறிவித்தது. வாங்குபவர் பக்கத்தில் கூடுதல் தளப்பரப்பு கட்டிக்கொள்ளலாம் என்று சலுகையும் தந்தது. கணக்கு ஒத்துவந்தது, 2022இல் கூட்டு விற்பனை முடிந்தது. கட்டடம் பிழைத்தது. ஹட்ஜாய் பேருந்துக்காக அங்கே காத்திருந்தவர்களும் தாய்லாந்து உணவுக் கடைக்காரர்களும் 2023இல் வெளியேறினார்கள். இசேயில் கட்டடம் போய் மனிதர்கள் இருக்கிறார்கள், பீச் ரோட்டில் கட்டடம் இருந்து மனிதர்கள் போனார்கள்.

இன்றைய ஜப்பானுக்கு வருவோம். கெங்கோ குமா இப்போது ஆகப் பெயர்பெற்றவர். 2019இல் முடிந்த தேசிய விளையாட்டரங்கின் கூரை விளிம்புகளில் 47 மாநிலங்களின் மரத்தையும் வைத்தவர். பத்து வயதில், தோக்கியோ ஒலிம்பிக்குக்காகத் தாங்கே கட்டிய யொயோகி அரங்கைப் பார்த்துத்தான் இந்தத் துறைக்கு வர ஆசைப்பட்டதாக அவரே சொல்லியிருக்கிறார். 2000இல் தொச்சிகி மாநிலத்தின் சிறிய ஊர் ஒன்றில் ஹிரோஷிகே ஓவியங்களுக்கான அரும்பொருளகம் கட்டினார். சுவரும் கூரையும் மெல்லிய தேவதாருச் சட்டங்கள், மழைக்கோடுகளைப்போல. படத்தில் பார்த்தால் மூச்சு நிற்கும். அந்தச் சட்டங்கள் மழையிலும் வெயிலிலும் உளுத்துப்போய்விட்டன, சரிசெய்ய ஏறத்தாழ 300 மில்லியன் யென் வேண்டும், ஊர் நிர்வாகம் பொதுமக்களிடம் நிதி கேட்கிறது என்று 2024இல் செய்தி வந்தது. குமாவைப் பலர் திட்டினார்கள். மரம் என்றால் உளுக்கும், இதில் அதிசயம் இல்லை. 20 ஆண்டில் மாற்ற வேண்டும் என்று இசேக்குத் தெரிந்தது, அந்தச் சின்ன ஊரின் வரவுசெலவுக் கணக்குக்குத் தெரியவில்லை.

நான் முன்பு சொன்ன ககாவாவிலும் இப்படித்தான். தாங்கேயின் அரசு அலுவலகத்துக்கு அடியில் நிலநடுக்கம் தாக்காத தாங்கிகளைப் பொருத்தி 2019இல் காப்பாற்றினார்கள், 2022இல் முக்கியப் பண்பாட்டுச் சொத்தாகவும் ஆனது. அதே ஊரில் அதே தாங்கே 1964இல் படகு வடிவில் கட்டிய உடற்பயிற்சிக்கூடம் கூரை ஆபத்தால் 2014இல் மூடப்பட்டது, 2023இல் இடிக்க முடிவெடுத்தார்கள். அலுவலகத்துக்குத் தினமும் போக வேண்டிய ஆட்கள் இருந்தார்கள். படகுக்கு இல்லை.

கடைசியாக ஒன்று. 1995 சனவரியில் கோபே நிலநடுக்கம். தகாதோரி என்ற இடத்தில் ஒரு கத்தோலிக்க தேவாலயம் எரிந்துபோனது. அங்கே வழிபட்டவர்களில் பலர் வியட்நாமிய அகதிகள். ஷிகெரு பான் அவர்களிடம் போய், காகிதக் குழாய்களால் ஒரு மண்டபம் கட்டித் தருகிறேன் என்றார். துணிக்கடையில் துணி சுற்றியிருக்கும் குழாய் இருக்கிறதே, அதன் பெரிய வடிவம். 5 மீட்டர் உயரம் கொண்ட 58 குழாய்களை முட்டை வடிவில் நிறுத்தி, 160 தொண்டூழியர்கள் ஐந்து வாரத்தில் கட்டி முடித்தார்கள். தற்காலிகக் கட்டடம்தான். பத்து ஆண்டு நின்றது. 2005இல் பிரித்தார்கள், ஆனால் தூக்கிப் போடவில்லை. நிலநடுக்கத்தில் அடிபட்ட தைவான் ஊர் ஒன்று அதைக் கேட்டு வாங்கிக்கொண்டது. குழாய்கள் கப்பலேறிப் போய் 2008இல் அங்கே மறுபடி எழுந்தன. கான்கிரீட்டும் பணத்துக்காகக் கட்டினால் தற்காலிகம், காகிதமும் மக்கள் விரும்பினால் நிரந்தரம் என்ற பொருளில் பான் பல மேடைகளில் பேசியிருக்கிறார். அவர் கட்டடத்தில் பழைய கூரை கிடையாது, ஷின்டோ கிடையாது. ஆனாலும் நான் பார்த்த நவீனக் கட்டடங்களில் இசேக்கு ஆக நெருங்கிய உறவு அந்தக் காகிதக் கோயில்தான் என்பேன். நெறியாளர் புருவத்தை உயர்த்துகிறார், அவர் ஸ்கைட்ரீயைச் சொல்வேன் என்று எதிர்பார்த்திருக்கலாம்.

இசேயில் அடுத்த புதுப்பிப்பு 2033இல். அதற்கான முதல் சடங்கு 2025 மே மாதம் மலையடிவாரத்தில் நடந்துவிட்டது, மரம் வெட்டும் வேலையும் தொடங்கிவிட்டது. இப்போது நீங்கள் போனால் ஆலயத்துக்குப் பக்கத்தில் காலி மனையைப் பார்க்கலாம். கூழாங்கல் பரப்பின் நடுவே, புதிய ஆலயத்தின் நடுத்தூண் வரவேண்டிய இடத்தை மூடிக்கொண்டு ஒரு சிறிய மரக்குடில் மட்டும் நிற்கும். போகிறவர்கள் அதையும் நின்று பாருங்கள்.